பறக்கும் படையும் பட்டினிப் பரீட்சையும்

உலகத்தில் இதுவரை நடந்திருக்கும் அத்தனை கேடுகளுக்கும் காரணம் ஒன்றுதான்: யாரோ ஒருவர், யாருக்கோ இரக்கப்பட்டு, எதையோ நீட்டியிருக்கிறார்.

கல்லூரியில் புள்ளியியல் நடத்தும் அந்த இளம் விரிவுரையாளன் இதை ஒரு கருத்தாகச் சொல்வதில்லை. தண்ணீர் எத்தனை டிகிரியில் கொதிக்கும் என்று சொல்கிற குரலில் சொல்வான். பேரரசுகள் கவிழ்ந்தது, பாலங்கள் இடிந்தது, மூன்றாவது பெஞ்சுக்காரன் போட்ட அதே தப்புக் கணக்கை ஆறாவது பெஞ்சுக்காரனும் அடி பிசகாமல் போட்டது, எல்லாமே நீட்டியதால் வந்த வினை. இரக்கம் என்பது உலகளாவிய மால்பிராக்டிஸ்.

பரீட்சை மண்டபத்தில் அவன் பிடித்த பிட்டுகளை வைத்து ஒரு அருங்காட்சியகமே திறக்கலாம். தண்ணீர் பாட்டில் லேபிளின் உள்பக்கம் எழுதியது உண்டு. கால்குலேட்டர் மூடிக்குள் ஒட்டியது உண்டு. உடையாத கைக்கு மாவுக்கட்டு போட்டு, அந்தக் கட்டின்மேல் நண்பர்கள் வாழ்த்து எழுதியதுபோல் முழுப் பாடத்தையும் எழுதிக்கொண்டு வந்த ஒரு மேதையும் உண்டு. மாணவர்கள் அவனுக்கு வைத்த பெயர் 'பறக்கும் படை.' அந்தப் பெயர் எப்படியோ வழி விசாரித்துக்கொண்டு வீடு வரைக்கும் வந்துவிட்டது. "கல்யாணம் ஆகவேண்டிய பையனுக்கு இப்படியா பேர் வைப்பாங்க" என்று அக்கா அங்கலாய்த்ததை அவன் பாராட்டாகவே எடுத்துக்கொண்டான்.

அக்காவின் கணவர் டவர் கிரேன் ஓட்டுபவர். கட்டடம் எழும்பும் இடத்தில் மேகத்துக்குப் பக்கத்து வீடு மாதிரி ஒரு கண்ணாடிக் கூண்டு இருக்கும். அதுதான் மாமாவின் ஆபீஸ். அங்கிருந்து ஒரு கட்டுக் கம்பியைத் தூக்கி, கீழே நிற்பவன் தலைமுடி கலையாமல் இறக்கி வைப்பார். குரல் உயர்த்தத் தெரியாத மனிதர். அப்படிப்பட்டவர் போன வருஷத்திலிருந்து சில காலை நேரங்களில் வேறு ஆளாக மாறத் தொடங்கினார். சட்டை நனைய வியர்க்கும். கை நடுங்கும். பல் தேய்க்கும் பிரஷ்ஷால் தலை வாருவார். வாசல் கேட்டோடு நியாயம் பேசுவார். அக்கா பதறிப்போய்ச் சர்க்கரை தூக்கலாக ஒரு டீ கொடுத்தால், கொஞ்ச நேரத்தில் தெளிந்து, "ஏன் எல்லாரும் என்னையே பாக்கறீங்க?" என்பார்.

அக்கா இதிலிருந்து ஒரு மருத்துவ முறையைக் கண்டுபிடித்தாள். மனிதரைப் பசிக்கவே விடக்கூடாது. படுக்கையில் ஒரு சாப்பாடு, ஏணி ஏறுமுன் ஒரு சாப்பாடு, கூண்டுக்குள் ஒரு டப்பா, அந்த டப்பா தீர்ந்தால் கயிற்றில் இன்னொரு டப்பா. வியாதி ஒளிந்துகொண்டது. மாமா பெருத்தார். அவர் கூண்டுக்குள் நுழைவதைப் பார்த்தால் தலையணைக்கு உறை போடுவதுபோல் இருக்கும்.

ஒருநாள் அக்கா ஊரில் இல்லை. மாமா வெறும் வயிற்றோடு ஏணி ஏறிவிட்டார். அன்றைக்கு அவர் தொழிலாளர்களுக்கான கழிவறைப் பெட்டி ஒன்றை அலுங்காமல் தூக்கி, இன்ஜினியரின் ஆபீஸ் கூரைமேல், ஒரு கீறல் விழாமல், கச்சிதமாக நடுவில் வைத்தார். வைத்துவிட்டு வாக்கிடாக்கியில் தாலாட்டுப் பாடினார்.

"குடிச்சிருக்கான்" என்றார் இன்ஜினியர். ஊதிப் பார்க்கும் கருவி, குடிக்கவில்லை என்றது. கருவி பழுது என்றார் இன்ஜினியர். என்ன கோளாறு என்று ஒரு டாக்டர் தெளிவாக எழுதிக் கொடுக்கும்வரை மாமா ஏணியில் கால் வைக்கக் கூடாது என்பது கடைசித் தீர்ப்பு. அன்றிலிருந்து மாமா வீட்டு ஜன்னலோரம் உட்கார்ந்து, தூரத்தில் வேறொருவன் தன் கிரேனை ஓட்டுவதைப் பார்த்துக்கொண்டிருந்தார். "திருப்பும்போது இழுக்கறான் பாரு" என்பார். அவ்வளவுதான் பேச்சு.

பெரிய ஆஸ்பத்திரியின் ஹார்மோன் டாக்டர் கதை முழுவதையும் பொறுமையாகக் கேட்டார். கழிவறைப் பகுதி வந்தபோது மட்டும் பேனாவைக் கீழே வைத்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். தோள் குலுங்குவது நின்றதும் திரும்பி அக்காவிடம் கேட்டார்.

"இனிப்பு குடுத்தா சரியாயிடறாரா?"

"உடனே மனுஷனாயிடுவாரு டாக்டர்."

டாக்டரின் முகம் மலர்ந்துவிட்டது. "கணையத்துல ஒரு சின்னக் கட்டி இருக்கலாம்னு நினைக்கறேன். நாம சாப்பிட்டா இன்சுலின் சுரக்கணும், பட்டினி கிடந்தா நிக்கணும். இந்தக் கட்டிக்கு அந்த நாகரிகம் கிடையாது. சாப்பிட்டாலும் சாப்பிடாட்டியும் அது பாட்டுக்கு இன்சுலினைக் கொட்டிட்டே இருக்கும். ரத்தத்துல சர்க்கரை தரைக்கு வந்துடும். மூளைக்குச் சாப்பாடு போகாது. பாவம், அது கழிவறையைத் தூக்கிக் கூரைமேல வைக்கும்."

"அப்ப ஆபரேஷன்தானே?" என்றான் கூடவே வந்திருந்த பறக்கும் படை.

"முதல்ல நிரூபிக்கணும். இங்கயே படுக்க வெச்சுப் பட்டினி போடுவோம். தண்ணி மட்டும். அதிகம் போனா மூணு நாள். சர்க்கரை இறங்கற நேரத்துல ரத்தம் எடுத்து, இன்சுலின் அப்பவும் வேலை செய்யுதான்னு பாக்கணும்."

கையும் களவுமாகப் பிடிப்பது. படைக்கு இந்த டாக்டரை ரொம்பப் பிடித்துப்போனது.

ஆனால் முதல் பட்டினியில் மாமாவின் சர்க்கரை இம்மியும் இறங்கவில்லை. மூன்றாம் நாள் முடிவில் அவர் மாப்பிள்ளை அழைப்புக்குக் கிளம்புகிறவர் மாதிரி பளபளவென்று இருந்தார். டாக்டர் குழம்பினார். "கட்டி இல்லைபோல. மனசுல ஏதாவது பாரம் இருக்கலாம்" என்று வேறொரு டாக்டருக்குச் சீட்டு எழுதினார். மாமா தலையைக் குனிந்துகொண்டு அதை வாங்கிக்கொண்டார்.

வீட்டுக்கு வந்ததும் அக்கா தம்பியைச் சமையலறைக்குள் இழுத்தாள்.

"டேய், ஒண்ணு சொல்லுவேன், கத்தக்கூடாது."

"சொல்லு."

"நான் அவருக்குக் கொஞ்சம் குடுத்துட்டேன்டா."

"எதை?"

"வாழைப்பழம். துண்டுக்குள்ள சுத்தி. அப்புறம் பிஸ்கட்டு. அவரு பாத்ரூம் உள்ள போயி மெதுவாத் தட்டுவாரு. நான் கதவிடுக்குல கேக் நீட்டுவேன்."

"நீட்டுவியா?" படை சுவரைப் பிடித்துக்கொண்டான். அவனுடைய வாழ்நாள் தத்துவம் அவன் வீட்டுச் சமையலறையிலேயே நிரூபணம் ஆகியிருந்தது. "மூணு நாள் பரீட்சைல மூணு நாளும் பிட்டு சப்ளை பண்ணியிருக்க! மாமாவுக்கு எங்க போச்சு புத்தி?"

"அவருக்குப் பசிச்சுதுடா."

"பசிக்கறதுக்குத்தானே அக்கா அட்மிட் பண்ணாங்க!"

"நீ பாத்ததில்ல" என்றாள் அக்கா. குரல் இறங்கியிருந்தது. "அவரு என்னைப் பாத்து, யாரு நீன்னு கேட்டிருக்காரு. நான் பாத்திருக்கேன். மறுபடியும் அதைப் பாக்க என்னால முடியாது."

"அதுக்குப் பேரு பாசம் இல்ல, பலவீனம்" என்றான் படை. டாக்டரின் காலில் விழாத குறையாக நின்று, இன்னொரு வாய்ப்பு வாங்கினான். "இதான் கடைசி" என்றார் டாக்டர். "இந்தத் தடவையும் சொதப்பினீங்கன்னா, மனசுன்னே எழுதிக் குடுத்துடுவேன்." அப்படி எழுதினால் எந்த இன்ஜினியரும் மாமாவை ஏணிப் பக்கம் விடமாட்டார். படை கல்லூரிக்கு லீவு போட்டான். "என் கண்ணுல மண்ணைத் தூவிட்டு ஒரு பருக்கை உள்ள போயிடட்டும், அப்புறம் நான் மீசையை எடுத்துடறேன்" என்று அறிவித்தான். அவனுக்கு மீசை சரியாக முளைத்ததில்லை என்பதை யாரும் நினைவுபடுத்தவில்லை.

இரண்டாவது பட்டினி தொடங்கியது. படை வார்டு வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்தான். காலுக்கடியில் பறிமுதல் பை.

முதல் வேட்டை அக்காதான். சோப்பு டப்பாவில் சோப்பு இல்லை, பேரீச்சம்பழம் இருந்தது. "குளிக்க வேணாமா அவரு?" என்று கண்ணிமைக்காமல் கேட்டாள். அடுத்து, பின்னிக்கொண்டிருந்த கம்பளி நூல் உருண்டைக்குள் அவித்த முட்டை. படை அதைக் காதருகே வைத்துக் குலுக்கிப் பார்த்தான். எதற்கு என்று அவனுக்கே தெரியாது, அப்படிச் செய்தால் பிடிபட்டவர்கள் மிரளுவார்கள்.

மாலையில் மாமாவின் மேஸ்திரி பார்க்க வந்தார். ஆஸ்பத்திரிக்குள் யாரும் பாதுகாப்புத் தொப்பி போட்டுக்கொண்டு வரமாட்டார்கள்.

"அண்ணே, தொப்பியைக் கழட்டுங்க."

"பழக்கமாயிடுச்சு தம்பி. கழட்டினா தலை வலிக்கும்."

"கழட்டினா திராட்சை உருளும். அதானே?"

கழற்றினார். உருண்டது. மேஸ்திரி குனிந்து பொறுக்கிக் கொடுத்துவிட்டு, "உங்க காலேஜுல படிக்கிற பசங்க என்ன பாவம் பண்ணாங்களோ" என்று மனதார வருத்தப்பட்டார்.

"மாப்ளே" என்றார் மாமா படுக்கையிலிருந்து. "நீ எனக்கு மச்சானா, மாமியாரா?"

"சும்மா படுத்தா ஆகாது மாமா. டாக்டர் நடக்கச் சொல்லியிருக்காங்க. எழுந்திரிங்க."

இருவரும் வராந்தாவில் நடந்தார்கள். வாசனை வருகிறது என்பதற்காக கேன்டீன் பக்கத்தைப் படை தவிர்த்தான். சிஸ்டர் அவ்வப்போது வந்து மாமாவின் விரல்நுனியில் குத்தி ஒரு சொட்டு எடுத்துப் போனார். எண் மெல்ல மெல்ல இறங்கியது. படை ஒவ்வொரு எண்ணுக்கும் மதிப்பெண் குறைவதைப் பார்க்கும் வாத்தியார்போல் தலையாட்டினான்.

மறுநாள் காலை மாமா நடக்க வரமாட்டேன் என்றார். பிறகு கட்டிலின் பக்கத்தில் இருந்த கைப்பிடியைச் சுற்ற ஆரம்பித்தார். கட்டிலின் தலைப்பக்கம் எழும்பியது.

"கீழ யாரும் நிக்காதீங்க" என்றார். "ஹூக் வருது."

படைக்குச் சிரிப்பு வந்தது. "மாமா, போதும். மேல ஏறினது நீங்கதான்."

மாமா திரும்பிப் பார்த்தார். சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. முகத்தில் தண்ணீர் தெளித்ததுபோல் வியர்வை. கண் அவன்மேல் இருந்தது, ஆனால் அங்கே அவன் இருப்பதாகத் தெரியவில்லை.

"சார், நீங்க யாரு?" என்றார் மரியாதையாக.

படையின் சிரிப்பு பாதியில் நின்றது. மணியை அழுத்தினான். பிறகு அது போதாது என்று வராந்தாவுக்கு ஓடி, பரீட்சை மண்டபத்தில் ஒருநாளும் எழுப்பாத குரலில் "சிஸ்டர்!" என்று கத்தினான்.

சிஸ்டர் குத்திப் பார்த்தார். டாக்டர் வந்தார். கையில் ரத்தம் எடுத்தார்கள். அவசர அவசரமாக ஒரு குழாயை லேபுக்கு அனுப்பினார்கள்.

"முடிஞ்சுதா டாக்டர்? குடுக்கலாமா?" என்றான் படை.

"விரல்ல குத்தற மெஷினை நம்பி முடிக்க முடியாது. லேப் நம்பர் சொல்லட்டும். ஊசி தயாரா இருக்கு, நான் இங்கயே நிக்கறேன். அதுவரைக்கும் ஒண்ணும் கூடாது."

காத்திருந்தார்கள். மாமா கையை நீட்டினார். கம்பிக் கட்டைத் தலைமுடி கலையாமல் இறக்கி வைக்கும் அந்தக் கை, விரல் விரலாக நடுங்கிக்கொண்டிருந்தது.

"ஏதாச்சும் குடுங்க சார்" என்றார். "பசிக்குது."

படையிடம் எத்தனையோ பேர் கெஞ்சியிருக்கிறார்கள். அழுதிருக்கிறார்கள். ஒருவன் மயங்கி விழுவதுபோல் நடித்து, விழுந்த இடத்திலிருந்து பக்கத்து விடைத்தாளைப் படித்திருக்கிறான். எதற்கும் அசையாதவன். இப்போது அவன் கை, அவனைக் கேட்காமல், கட்டிலருகே இழுத்துப் போட்டிருந்த நாற்காலிக்கு அடியில் இருந்த பறிமுதல் பையின் ஜிப்பைத் தேடிப் போனது. ஒரே ஒரு திராட்சை. டாக்டர் மானிட்டரைப் பார்த்துக்கொண்டிருந்தார். யாருக்குத் தெரியப்போகிறது?

பை நகர்ந்தது. சத்தம் கேட்டு ஓடி வந்திருந்த அக்கா அதைத் தன் பக்கம் இழுத்து, தரையில் வைத்து, அதன்மேல் பொத்தென்று உட்கார்ந்துவிட்டாள். கண்ணிலிருந்து பொலபொலவென்று கொட்டிக்கொண்டிருந்தது. கால் இரண்டையும் இறுக்கி மடக்கிக்கொண்டாள்.

"அக்கா..."

"கையை எடு. பரீட்சை முடியல."

"ஒண்ணே ஒண்ணுக்கா."

"ஒண்ணும் கிடையாது. அவரு மறுபடியும் அந்த ஏணியில ஏறணும்."

படை கையை எடுத்தான். வேறு எதுவும் செய்யத் தெரியாமல், நீட்டியிருந்த மாமாவின் கையைத் தன் இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டான். அது அவனுடைய கையையும் சேர்த்து ஆட்டியது.

போன் அடித்தது. டாக்டர் கேட்டார், தலையாட்டினார். "போதும். இனிப்பை ஏத்துங்க." குளுக்கோஸ் நரம்பு வழியாக உள்ளே போனது. கொஞ்ச நேரத்தில் மாமாவின் நடுக்கம் அடங்கியது. கண் திறந்து அறையைச் சுற்றிப் பார்த்தார். டாக்டர், சிஸ்டர், தன் கையைப் பிடித்துக்கொண்டு மூக்கை உறிஞ்சும் மச்சான்.

"என்ன மாப்ளே" என்றார் நிதானமாக, "ஏன் என் பொண்டாட்டி உன் பைமேல உக்காந்திருக்கா?"

டாக்டர் மறுபடியும் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

இனி சாப்பிடலாம் என்றதும் பையைத் திறந்தார்கள். திராட்சை சாறாகியிருந்தது. முட்டை கம்பளி நூலோடு ஒரே உடம்பாகியிருந்தது. பேரீச்சம்பழம் மட்டும் அக்காவின் பாரத்தைத் தாங்கி நின்றது. மாமா அத்தனையையும் சாப்பிட்டார். நூலை மட்டும் ஒதுக்கி வைத்தார்.

ரத்த முடிவு வந்த அன்று டாக்டர் எல்லோரையும் உட்கார வைத்துச் சொன்னார். "சர்க்கரை தரையில கிடக்கறப்ப இன்சுலின் வாயை மூடிட்டு இருக்கணும். இவருக்கு அது கச்சேரி பண்ணிட்டு இருந்திருக்கு. வெளியிலேருந்து ஊசி போட்டதும் இல்ல, சர்க்கரை மாத்திரை முழுங்கினதும் இல்ல, அதையும் பாத்துட்டோம். உடம்புக்குள்ள இருந்துதான் வருது. இன்சுலினோமா. அனேகமா சாதுவான கட்டிதான். எடுத்துட்டா தீர்ந்துது."

"அப்ப மனசு இல்லையே டாக்டர்?" என்றார் மாமா.

"உங்க மனசு தங்கம். போன தடவை நான்தான் ஏமாந்துட்டேன்." டாக்டர் அக்காவைப் பார்த்தார். அக்கா மின்விசிறியைப் பார்த்தாள்.

படம் எடுக்கும் பெரிய இயந்திரத்துக்குக் கட்டி அகப்படவில்லை. பிறகு வாய் வழியாக ஒரு குழாயை விட்டு உள்ளிருந்தே ஸ்கேன் எடுத்தார்கள். கணையத்தின் வால் பக்கம் ஒளிந்திருந்தது, ஒரு பட்டாணி அளவுக்கு. "இத்துனூண்டா?" என்று மாமாவுக்கே கொஞ்சம் ஏமாற்றமாக இருந்தது. இவ்வளவு பெரிய உடம்பை ஆட்டிவைத்ததற்கு ஒரு தேங்காய் அளவாவது இருந்திருக்க வேண்டும் என்று அவர் எதிர்பார்த்திருந்தார். ஆபரேஷன் செய்து பட்டாணியை எடுத்தார்கள்.

மேஸ்திரி தொப்பி இல்லாமல் வந்து சேதி சொன்னார். டாக்டர் எழுதிக் கொடுத்ததை இன்ஜினியர் இரண்டு தடவை படித்தாராம். புது ஆளுக்குக் கூரையிலிருந்து அந்தக் கழிவறைப் பெட்டியை இறக்கத் தைரியம் வரவில்லையாம். "உடம்பு தேறட்டும், வெச்சவனே வந்து எடுக்கட்டும்னு சொல்லிட்டாருண்ணே." போர்வைக்கு மேல் கிடந்த மாமாவின் வலது கை மெல்ல, கண்ணுக்குத் தெரியாத ஒரு லீவரைப் பின்னுக்கு இழுத்துப் பார்த்தது.

கட்டி போனபின் சர்க்கரை கொஞ்ச நாள் ஏறித்தான் நிற்கும், இனிப்பு கூடாது, இப்போதைக்கு சூப் மட்டும் என்று உத்தரவு. அக்கா வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்துகொண்டாள்.

"பையைத் திற" என்றாள் தம்பியிடம்.

"அக்கா, நான் பறக்கும் படை."

"அதான் பயமா இருக்கு. திற."

உள்ளே மாமா சூப்பை வெறித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். "மாப்ளே, கடிக்கற மாதிரி ஏதாச்சும். பல்லு இருக்கறதே மறந்துடும்போல இருக்கு."

படை கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து, நீட்டுவதால் நாகரிகங்கள் எப்படி அழிகின்றன என்று விளக்கமாக ஒரு சொற்பொழிவு நிகழ்த்திவிட்டுப் போனான்.

மறுநாள் காலை டாக்டரை வராந்தாவில் மடக்கி, அக்கம்பக்கம் பார்த்துவிட்டு, ரகசியக் குரலில் ஏதோ கேட்டான்.

"உப்பு பிஸ்கட்டா? தாராளமாக் குடுங்க" என்றார் டாக்டர். "மத்தியானத்துலேருந்து லேசா சாப்பிடலாம்னு நானே சொல்லப்போறேன். இதை ஏன் இப்படிக் கிசுகிசுன்னு கேக்கறீங்க?"

அனுமதி கிடைத்ததைப் படை அக்காவிடமும் சொல்லவில்லை, மாமாவிடமும் சொல்லவில்லை.

வாசலில் அக்கா பையைத் திறந்து பார்த்தாள். பாக்கெட்டுகளைத் தட்டிப் பார்த்தாள். திருப்தியாகி, பாட்டிலில் தண்ணீர் பிடிக்கத் திரும்பினாள். படை கட்டிலருகே போய், மேலே மின்விசிறியையும் எதிரே சுவரையும் மாறி மாறிப் பார்த்தபடி, முழங்கைவரை மடித்து விட்டிருந்த சட்டைக் கையின் மடிப்புக்குள்ளிருந்து மெல்லிய பிஸ்கட் ஒன்றை உருவி, போர்வைக்கு அடியில் நீட்டினான்.

ஒரு கை வந்து அதை வாங்கிக்கொண்டது.

"மெதுவா மெல்லுங்க மாமா" என்றான் உதடு அசையாமல். "சத்தம் கேக்குது."